பதினோரு நொடி

குளச்சலில் மூடிக்கிடந்த ஐஸ் ஃபேக்டரியை
ஒரு மாத வாடகைக்கு எடுத்திருந்தாள் ஜெனோவா.
சுவரில் இன்னும் அமோனியா வாடை.
என்னைக் கூப்பிட்டது வெல்டிங் வேலைக்கு:
நாற்பது ஐஸ் கேன்களைக் கவிழ்த்துப் போட்டு
ஒவ்வொன்றின் வயிற்றிலும் ஒரு ஸ்பீக்கர்,
முதுகில் ஒரு தகடு.
என்னத்துக்கு என்றேன்.
மண் ஆடுவதற்கு என்றாள்.

மண் மணவாளக்குறிச்சிக் கரையிலிருந்து வந்தது,
இரண்டு சாக்கு.
கறுப்பும் செம்பும் கலந்து
அள்ளினால் நினைத்ததைவிடக் கனம்.
சோப்புப்பெட்டி அளவில் ஒரு கருவியை
அதன்மேல் காட்டினாள்.
டிக்.
டிக் டிக்.
டிக்.
பல்லி சொன்னால் திசை பார்த்துப் பலன் எடுக்கிற ஊர்;
மண் சொன்னால்
எந்தத் திசை என்று பார்ப்பது?
"இதுலதான் நான் நடை படிச்சேன்."
"நானும்தான்."
இருவரும் கையைத் துடைக்கப் போனோம்,
எதில் துடைப்பது என்று தெரியவில்லை.

முப்பந்தலில் காற்றாலைத் தூணில் மைக்கை ஒட்டிவிட்டு
மூன்று இரவு அடியில் படுத்திருந்தாளாம்.
இரும்புக்கு உள்ளே
யாரோ பாயைச் சுருட்டுவதும் விரிப்பதுமாய் ஒரு சத்தம்.
குலசேகரத்தில் விடியுமுன்
சிரட்டையில் ரப்பர்பால் விழும் சொட்டு,
அதற்குப் பின்னால் வெட்டுகாரரின் இருமல்.
இருமலை எடுத்துவிடவா என்று கேட்டேன்.
அதுதான் பாட்டு என்றாள்.

பிறகு வயர்லெஸ்.
நாலு வருஷத்துப் படகுப் பேச்சு
சங்கத்தின் மெமரி கார்டு ஒன்றில் தூங்கிக்கிடந்தது.
லே ஸ்டெல்லஸ், அங்கன சாளை உண்டாலே?
ஒண்ணும் இல்ல, சொறிதான், வலை நிறைய சொறி.
மாதாவே, காத்து மாறுது.
டீசல் கடன் பற்றி,
மச்சினன் கல்யாணம் பற்றி,
நடுவில் யாரோ கொட்டாவி.
ஒவ்வொரு குரலுக்கும் மண்
வேறு வேறு கோலம் போட்டது.
கெட்டவார்த்தைக்குத்தான் மிக அழகானது.

ஞாயிறு இரண்டாம் பூசை முடிந்து ஆட்கள் வந்தார்கள்.
பிள்ளைகள் மண்ணில் பெயர் எழுத,
அழித்து அழித்து ஆடியது மண்.
மைக்கேல்பிச்சை மாமா எல்லாம் சுற்றிப் பார்த்துவிட்டு
"அப்போ ஐஸ் எப்ப போடுவிய?" என்றார்.

இருபத்தேழாவது கேன் அருகே
லில்லிபுஷ்பம் நின்றுவிட்டாள்.
*கரை வெளிச்சம் தெரியுது.
வீட்டுல சொல்லு, உலை வைக்கட்டும்.*
அவ்வளவுதான். பதினோரு நொடி.
ஒரு சுற்று முடிய ஆறு நிமிஷம்.
நாலு சுற்று நின்றாள்.
அழுவாள் என்று எல்லோரும் வழிவிட்டார்கள்.
அவள் அழவில்லை.
ஜெனோவாவைப் பார்த்துக் கேட்டாள்:
"இது யாருக்க சாமானம்?"

ஆவணம், நினைவு, கடல், சமூகம் என்று
தொடங்கிய ஜெனோவா
சமூகத்தில் நிறுத்திக்கொண்டாள்.

"எனக்கு வைக்கச் சொன்ன உலையை
நீ ஊருக்கெல்லாம் விளம்புதியா?"

அன்று இரவு அதை வெட்டி எடுத்தாள்.
நகம் அளவுள்ள கார்டில் ஏற்றி
அவளிடமே கொண்டுபோய்க் கொடுத்தாள்.
லில்லிபுஷ்பம் வீட்டில்
அதைப் போட்டுக் கேட்க எந்தச் சாதனமும் இல்லை.
பரவாயில்லை என்று
ரேஷன் கார்டுக்குள் வைத்தாளாம்.

வெட்டிய இடத்தில் வேறு எதையும் ஒட்டவில்லை.
காற்றாலை இல்லை, இருமல் இல்லை, கொட்டாவி இல்லை.
முப்பத்தொன்பது கேனிலும் மண் ஆடிக்கொண்டிருக்க
இருபத்தேழில் மட்டும்
ஆறு நிமிஷத்துக்கு ஒருமுறை
மண் வெறும் மண்ணாகக் கிடக்கும்.
கருவி மட்டும் நிற்காது.
டிக்.
டிக்.

கடைசி நாளில் சென்னையிலிருந்து வந்தவர்
கேமராவைத் தாழ்த்திவிட்டு என்னை அழைத்தார்:
"இதுல ஏதோ ஒயர் கழண்டிருக்கு, பாருங்க."
ஸ்க்ரூடிரைவரை எடுத்துக்கொண்டு எழுந்தேன்.
குனிந்து பார்த்தேன்.
ஆமா, கழண்டுதான் இருக்கு என்று சொல்லி
திரும்ப வந்து உட்கார்ந்துகொண்டேன்.